ஜேம்ஸ் வேல்: திகில்பட இயக்குநர் என்ற அடையாளம் போதுமா?

இரவுக்காட்சி எழுதியது:

நண்பர்கள் அனைவருக்கும் வணக்கம். 1931இல் வெளிவந்த 'ஃபிராங்கன்ஸ்டைன்' படத்தைப் பல ஆண்டுகளுக்குப் பின் சென்ற வாரம் மீண்டும் பார்த்தேன். கல்லூரிக் காலத்தில் முதன்முறை பார்த்தபோது அதில் உயிரூட்டப்பட்ட உருவமாக நடித்த போரிஸ் கார்லாஃபின் முகத்தைத் தவிர வேறெதுவும் மனத்தில் பதியவில்லை. இம்முறை அந்த முகத்தை இயக்குநர் ஜேம்ஸ் வேல் நமக்கு எப்படிக் காட்டுகிறார் என்பதில்தான் கவனம் சென்றது. கதவு திறக்கிறது, உருவம் முதுகைக் காட்டிக்கொண்டே பின்புறமாக அடியெடுத்து உள்ளே வருகிறது, பிறகு மெல்லத் திரும்புகிறது. முகம் தெரிந்த நொடியில் காட்சி வெட்டுப்பட்டு அருகில் போகிறது, மறுபடியும் வெட்டுப்பட்டு இன்னும் அருகில் போகிறது, கடைசியில் இமைகள் கனத்துத் தொங்கும் அந்த முகமே திரையை அடைத்துக்கொள்கிறது. பின்னணியில் இசை என்று ஒரு சுரம்கூடக் கிடையாது.

சற்று நேரத்தில் கூரைச் சாளரம் திறக்கப்படுகிறது. மேலிருந்து வெளிச்சம் விழ, அந்த உயிர் இரண்டு கைகளையும் தூக்கி அதைப் பிடிக்கப் பார்க்கிறது. சாளரத்தை மூடியதும் கைகள் எதையோ யாசிப்பதுபோல நீள்கின்றன. அதன் முகத்தைப் பார்த்து அஞ்சிய நான், அதே காட்சி முடிவதற்குள் அதற்காக வருந்திக்கொண்டிருந்தேன்.

வேல் இயக்கிய முழுநீளப் படங்கள் ஏறத்தாழ இருபது. அவற்றுள் திகில் படங்கள் நான்குதான்: 'ஃபிராங்கன்ஸ்டைன்' (1931), 'தி ஓல்டு டார்க் ஹவுஸ்' (1932), 'தி இன்விசிபிள் மேன்' (1933), 'பிரைடு ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்' (1935). மற்றவை போர்ப்படங்கள், காதல் கதைகள், ஓர் இசைப்படம், வாள்வீச்சுப் படம் என்று பலவகைப்பட்டவை. அவர் அடிப்படையில் நாடகமேடைக்காரர் என்பது என் எண்ணம். ஒரு பாத்திரத்தை எந்த நேரத்தில், எந்த வாசல் வழியாக, எந்த வெளிச்சத்தில் கொண்டுவந்து நிறுத்த வேண்டும் என்ற மேடையறிவிலிருந்தே அவர் படங்களின் அச்சமும் பிறந்தது, இரக்கமும் பிறந்தது. திகில்பட இயக்குநர் என்ற பெயர் இதை மறைத்துவிடுகிறது என்று கருதுகிறேன். நண்பர்களின் கருத்தை அறிய விரும்புகிறேன்.

மேடைவெளிச்சம் எழுதியது:

நண்பர் இரவுக்காட்சி அவர்களின் கருத்தோடு நான் உடன்படுகிறேன். எங்கள் ஊர் நாடகக் குழுவுக்கு இருபது ஆண்டுகளாக விளக்கமைப்பு செய்து வருபவன் என்பதால் எனக்கு இதில் தனி ஈடுபாடு உண்டு.

வேல் 1889 ஜூலை 22 அன்று இங்கிலாந்தின் டட்லி நகரில், ஏழு பிள்ளைகளில் ஆறாவதாகப் பிறந்தவர். இரும்பும் நிலக்கரியும் சூழ்ந்த அந்தப் பகுதியில் தந்தை ஊதுலைத் தொழிலாளி. மகன் சிறுவயதிலேயே பள்ளியை விட்டுச் செருப்புத் தைக்கும் வேலைக்குப் போனார். கடைகளுக்கு விலைப்பலகையும் பெயர்ப்பலகையும் எழுதிக் கிடைத்த கூடுதல் காசில் மாலைநேர ஓவியப் பள்ளியில் சேர்ந்தார். படம் எடுப்பதற்கு முன் காட்சிகளை அவர் தாமே வரைந்து பார்ப்பார் என்பதற்கும், கார்லாஃபின் தலையைத் தாளில் வரைந்து ஒப்பனையாளர் ஜாக் பியர்ஸிடம் கொடுத்தார் என்பதற்கும் வேர் இங்கேதான் இருக்கிறது.

முதல் உலகப்போரில் வூஸ்டர்ஷயர் படைப்பிரிவில் இரண்டாம் நிலை லெப்டினன்டாகச் சேர்ந்தார். 1917 ஆகஸ்டில் பெல்ஜியத்தின் ஃபிளாண்டர்ஸில் ஜெர்மானியர்களிடம் பிடிபட்டு, போர் முடியும்வரை ஹோல்ஸ்மிண்டன் முகாமில் கைதியாக இருந்தார். அவர் நாடகம் கற்ற இடம் அந்தச் சிறைமுகாம் என்றே சொல்லலாம். பொழுது போகாத அதிகாரிகள் தங்களுக்குள் நாடகங்கள் போட்டுக்கொண்டார்கள். வேல் நடித்தார், திரைச்சீலை எழுதினார், இயக்கினார். விடுதலையானதும் பர்மிங்காம் நாடகக் குழுவில் சேர்ந்து, பத்து ஆண்டுகள் நடிகராகவும் மேடையமைப்பாளராகவும் மேடை மேலாளராகவும் உழைத்தார்.

1928இல் ஆர். சி. ஷெரிஃப் எழுதிய 'ஜர்னீஸ் எண்ட்' நாடகம் அவர் கைக்கு வந்தது. பல நாடக நிறுவனங்கள் தள்ளிவிட்ட பிரதி அது. டிசம்பரில் லண்டன் அப்பல்லோ அரங்கில் இரண்டே காட்சிகள்; நாயகன் ஸ்டான்ஹோப்பாக நடித்தவர் அப்போது பெயர் தெரியாத இளைஞரான லாரன்ஸ் ஒலிவியே. 1929 ஜனவரியில் சவாய் அரங்குக்கு மாறியபோது அந்த வேடத்தைக் காலின் கிளைவ் ஏற்றார். நாடகம் 594 காட்சிகள் ஓடியது. மேடையமைப்பும் வேல் செய்ததுதான். பதுங்குகுழியின் உட்புறம் மட்டுமே மேடை: தாழ்ந்த கூரை, தடித்த மரத்தூண்கள், மெழுகுவத்தி. போரை ரசிகன் பார்ப்பதே இல்லை, கேட்கிறான். வாசல் வழியே யார் உள்ளே வருவார், போனவர் திரும்புவாரா என்பதே நாடகம். அந்த வாசலைப் பார்த்துப் பழகியவர் எடுத்த காட்சிதான் தாங்கள் முதலில் விவரித்த காட்சி.

கரிசல்மண் எழுதியது:

ஐயா மேடைவெளிச்சம் அவர்கள் தொட்டுவிட்டுப் போன இடத்தில்தான் என் கருத்து தொடங்குகிறது. மேடையறிவு என்பது உண்மையே. ஆனால் அந்த அறிவைக்கொண்டு அவர் எதைக் காட்டினார் என்று கேட்டால், போரைத்தான் காட்டினார் என்பேன்.

காலின் கிளைவ் என்ற நடிகரை எடுத்துக்கொள்ளுங்கள். 'ஜர்னீஸ் எண்ட்' நாடகத்தில் ஸ்டான்ஹோப், மது இல்லாமல் ஒரு நாளைக் கடத்த முடியாத இளம் கேப்டன். 1930இல் அதையே ஹாலிவுட்டில் படமாக்கியபோதும் வேல் அவரையே வைத்துக்கொண்டார். அடுத்த ஆண்டு, பிணங்களிலிருந்து உயிரைப் படைக்கும் ஹென்றி ஃபிராங்கன்ஸ்டைன் வேடத்துக்கு அவரை இங்கிலாந்திலிருந்து வரவழைத்தார். பதுங்குகுழியில் நடுங்கிய அதே கைகள்தான் ஆய்வகத்தில் நடுங்குகின்றன. நிஜ வாழ்விலும் குடி அவரை விடவில்லை. 1937இல் 37 வயதில் காலமானார்.

படத்தின் முதல் காட்சியே ஒரு புதைகுழிதான். சவப்பெட்டியின்மேல் மண் விழும் ஒலி நம் காதுக்குள் விழுகிறது. பிறகு பல பிணங்களின் உறுப்புகளை ஒட்டித் தைத்து ஓர் உடலைச் செய்கிறார்கள். 1931இல் திரையரங்கில் அமர்ந்திருந்தவர்களுள் எத்தனை பேர், தைக்கப்பட்ட முகத்தோடு போரிலிருந்து திரும்பிய அண்ணனையோ தம்பியையோ பார்த்திருப்பார்கள்! 'தி ஓல்டு டார்க் ஹவுஸ்' படத்தில் மெல்வின் டக்ளஸ் நடித்த பென்டரல் என்பவன் போரில் எல்லாம் இழந்து, எதிலும் பிடிப்பில்லாமல் திரிபவன். 'தி இன்விசிபிள் மேன்' திரைக்கதையை எழுதியவர் யார்? முதல் உலகப்போரின் பாஷன்டேல் களத்தில் காயம்பட்ட அதே ஷெரிஃப். முகம் முழுவதும் கட்டுப்போட்டு, கறுப்புக் கண்ணாடி அணிந்து, பனியில் நடந்துவந்து விடுதிக் கதவைத் திறக்கும் மனிதனைப் பார்த்து அங்கிருப்போர் பேச்சை நிறுத்துகிறார்களே, அந்த மௌனம் ராணுவ மருத்துவமனையிலிருந்து ஊர் திரும்பிய ஒருவனுக்கு நன்றாகத் தெரிந்த மௌனம்.

வெட்டும்ஒட்டும் எழுதியது:

கரிசல்மண் அவர்களின் வாசிப்பு என் மனத்தைத் தொட்டது. ஆனாலும் ஓர் எச்சரிக்கை சொல்லத் தோன்றுகிறது. கலைஞன் வாழ்வில் ஒரு பெருந்துயரத்தைக் கண்டுவிட்டோமானால், அதன்பின் அவன் செய்த அனைத்தையும் அந்த ஒரே சாவியால் திறக்க முயல்கிறோம். ஃபிராங்கன்ஸ்டைன் கதையை வேல் எழுதவில்லை. மேரி ஷெல்லியின் நாவல் 1818இல் வந்தது, அதன் நாடக வடிவங்கள் முன்பே இருந்தன. முதலில் இந்தப் படத்தை இயக்கவிருந்தவர் ராபர்ட் ஃபுளோரி. நடிகர் பேலா லுகோசியை வைத்துச் சோதனைக் காட்சிகூட எடுத்திருந்தார். 'வாட்டர்லூ பிரிட்ஜ்' படத்தை வேல் குறித்த நாளுக்குள் முடித்துக்கொடுத்ததில் மகிழ்ந்த யுனிவர்சல் நிறுவனத்தின் இளைய கார்ல் லெம்லி, கையிருப்பில் உள்ள கதைகளுள் வேண்டியதை எடுத்துக்கொள்ளச் சொன்னார். வேல் இதை எடுத்தார். போர்ப்படங்களையே தொடர்ந்து எடுத்துச் சலித்துப்போயிருந்தார் என்பதும் ஒரு காரணம்.

படத்தொகுப்பாளனாக எனக்கு அவருடைய கைவேலையில்தான் மதிப்பு அதிகம். 'தி இன்விசிபிள் மேன்' படத்தின் தந்திரக் காட்சிகளைச் செய்தவர் ஜான் ஃபுல்டன். அரங்கம் முழுவதும் கறுப்பு வெல்வெட் துணியால் மூடப்பட்டது. நடிப்பவரின் தலை, கை, உடல் எங்கும் கறுப்பு வெல்வெட் சுற்றி, அதன்மேல் சட்டையும் கால்சட்டையும் அணிவித்துப் படம்பிடித்தார்கள். கறுப்பில் கறுப்பு கரைந்துபோக, சட்டை மட்டும் நடமாடியது. அதைப் பின்னணிக் காட்சியோடு படச்சுருளை அச்சிடும் கருவியில் ஒன்றாக இணைத்தார்கள். பார்ப்பதற்காக வெல்வெட்டில் விட்ட கண்துளைகள் தெரியாமலிருக்க, ஆயிரக்கணக்கான சட்டகங்களைத் தூரிகையால் ஒவ்வொன்றாகத் திருத்தினார்கள். இன்று கணினியில் ஒரு கம்பியை அழிக்க நான் படும் பாட்டை நினைத்தால், அந்தத் தூரிகை பிடித்த கைகளை வணங்கத் தோன்றுகிறது.

அப்படிப்பட்ட படத்திலும் ஒரு பிழை தங்கிவிட்டது. இறுதியில் உடையின்றி ஓடும் மறைமனிதனின் காலடிகள் பனியில் ஒன்றன்பின் ஒன்றாகப் பதிகின்றன. பதிவது வெறுங்கால் தடம் அன்று, காலணித் தடம். எத்தனை முறை பார்த்தாலும் அந்தக் காட்சியின் அழகில் அதை நான் மறந்துவிடுகிறேன்.

முதல்வரிசை எழுதியது:

மன்னிக்கவும், நான் இவ்விவாதத்துக்குப் புதியவன். கார்லாஃபைப் பற்றி யாரும் விரிவாகப் பேசவில்லையே? அந்த இரக்கம் இயக்குநரால் வந்ததா, நடிகரால் வந்ததா என்று எப்படிப் பிரித்துச் சொல்ல முடியும்?

மேடைவெளிச்சம் எழுதியது:

நல்ல கேள்வி, தம்பி. பிரிக்க முடியாது என்பதுதான் நேர்மையான விடை.

கார்லாஃபின் இயற்பெயர் வில்லியம் ஹென்றி பிராட். லண்டனில் பிறந்தவர், தந்தை பிரிட்டிஷ் இந்தியாவின் உப்புவரித் துறையில் பணியாற்றியவர் என்பது நம்மவர்களுக்கு வியப்பான செய்தியாக இருக்கும். எண்பது படங்களுக்கு மேல் நடித்தும் பெயர் வெளியே தெரியாமல், இடையிடையே லாரி ஓட்டிப் பிழைத்த அவரை, நாற்பத்து மூன்று வயதில் யுனிவர்சல் உணவகத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது வேல் தம் மேசைக்கு அழைத்துப் பேசினார். ஒப்பனைக்கு நாள்தோறும் நான்கு மணி நேரம் பிடித்தது. தம் கண்கள் மிகவும் தெளிவாக, விழிப்போடு இருக்கின்றன என்று கார்லாஃப்தான் குறைபட்டார். அதன்பின்னரே இமைகளின்மேல் மெழுகு பூசி அவற்றைக் கனக்கச் செய்தார்கள். பொய்ப்பல்லைக் கழற்றி ஒரு கன்னத்தைக் குழிவிழச் செய்ததும் அவர் வாயில் நடந்ததுதான். அத்தனையும் நடிகர் தந்தவை. ஆனால் படத்தின் தொடக்கத்தில் நடிகர் பட்டியலில் அந்த வேடத்துக்கு எதிரே பெயருக்குப் பதில் கேள்விக்குறி ஒன்றை மட்டும் போட்டு, உருவத்தை அரை மணி நேரம் நம் கண்ணில் காட்டாமல் காத்திருக்கச் செய்து, பிறகு முதுகுப்புறமாக நடத்திக்கொண்டுவந்தது படத்தை ஆக்கியவர்களின் வேலை. காத்திருப்பு இல்லையென்றால் அந்த மெழுகுக்கு மதிப்பில்லை.

குளத்தங்கரை எழுதியது:

இவ்வளவு பேசியும் குளக்கரைக் காட்சியை யாரும் எடுக்காதது எனக்கு ஆச்சரியமாக இருக்கிறது. என் பெயரைப் பார்த்தே நான் அதைத்தான் சொல்லப்போகிறேன் என்று ஊகித்திருப்பீர்கள்.

மரியா என்ற சிறுமி நீர்க்கரையில் தனியாக விளையாடிக்கொண்டிருக்கிறாள். உருவத்தைக் கண்டு அஞ்சாத ஒரே ஆள் அவள்தான். கையைப் பிடித்து அழைத்துவந்து உட்காரவைத்து, பூக்களைப் பங்கிட்டுக் கொடுக்கிறாள். இருவரும் ஒவ்வொரு பூவாக நீரில் எறிகிறார்கள்; பூ மிதக்கிறது. உருவத்தின் முகத்தில் முதன்முறையாகச் சிரிப்பு வருகிறது. அதன் கையிலுள்ள பூக்கள் தீர்ந்துபோகின்றன. வெறுங்கையைப் பார்க்கிறது, சிறுமியைப் பார்க்கிறது. அவளும் மிதப்பாள் என்று எண்ணித் தூக்கி நீரில் எறிகிறது. அவள் மிதக்கவில்லை. புரியாத பதற்றத்தோடு நீரைக் கையால் துழாவிவிட்டு, தடுமாறிக்கொண்டே காட்டுக்குள் ஓடுகிறது.

சிறுமியை எறிவதற்குக் கார்லாஃபே எதிர்ப்புத் தெரிவித்தார், வேல் விட்டுக்கொடுக்கவில்லை. தணிக்கையாளர்கள் பிறகு அந்தப் பகுதியை வெட்டினார்கள். அந்த வெட்டு செய்த கேட்டை நினைத்துப் பாருங்கள்: உருவம் சிறுமியை நோக்கிக் கை நீட்டுகிறது, காட்சி முடிகிறது, அடுத்துச் சிறுமியின் உடலைத் தூக்கிக்கொண்டு தந்தை வருகிறார். இடையில் என்ன நடந்திருக்கும் என்று பார்வையாளர் நினைத்திருப்பார்? அறியாமையால் நேர்ந்த மரணத்தை வக்கிரமான கொலையாக மாற்றியது, ஒழுக்கத்தைக் காப்பதாகச் சொல்லிக்கொண்ட அதே கத்தரி. 1980களில்தான் அந்தச் சில நொடிகள் மீட்கப்பட்டு மீண்டும் சேர்க்கப்பட்டன. நான் முதன்முதலில் பார்த்தது வெட்டுண்ட பிரதி. மீட்கப்பட்ட பிரதியைப் பிற்பாடு பார்த்தபோது, இத்தனை நாளும் அந்த உருவத்தின்மேல் நான் சுமத்தியிருந்த பழி தவறு என்று உண்மையாகவே வருந்தினேன்.

தந்தை வரும் காட்சியையும் விடக்கூடாது. ஊர் முழுவதும் திருமணக் கொண்டாட்டத்தில் ஆடிக்கொண்டிருக்கிறது. கைகளில் மகளை ஏந்தியபடி அவர் நடக்க நடக்க, கேமராவும் அவருடனே நகர்கிறது. அவர் கடக்கும் ஒவ்வொரு கூட்டத்திலும் ஆட்டம் நின்றுபோகிறது. சிறுமியின் ஒரு காலுறை சரிந்து கணுக்காலில் கிடக்கிறது.

இரவுக்காட்சி எழுதியது:

குளத்தங்கரை அவர்களே, அந்தக் காலுறையை நான் கவனித்ததே இல்லை. மீண்டும் போட்டுப் பார்த்தேன். மிக்க நன்றி.

கரிசல்மண் அவர்களுக்கு ஒரு சொல்: குழந்தையின் உடலைத் தூக்கிக்கொண்டு ஒரு தந்தை மௌனமாகத் தெருவில் நடப்பதைப் பார்த்த பிறகு, போர் பற்றிய தங்கள் வாசிப்பை நான் அவ்வளவு எளிதாக ஒதுக்க முடியவில்லை.

புதுப்பிரதி எழுதியது:

'பிரைடு ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்' பற்றிப் பேசாமல் இவ்விழை நகரக்கூடாது. இரண்டாம் பாகம் எடுக்க வேல் நெடுநாள் மறுத்துவந்தார். ஒப்புக்கொண்டபின் தாம் விரும்பியபடியே எடுத்தார். மணப்பெண்ணாகவும், முன்னுரைக் காட்சியில் மேரி ஷெல்லியாகவும் நடித்தவர் எல்சா லான்செஸ்டர். அந்தத் தலைமுடி எகிப்திய அரசி நெஃபர்தீத்தியின் சிலையை நினைத்துச் செய்தது. அவர் எழுப்பும் சீறல், லண்டன் ரீஜண்ட்ஸ் பூங்காவின் அன்னங்களிடமிருந்து எடுத்தது. இசையமைத்த ஃபிரான்ஸ் வாக்ஸ்மன், நாஜிகளின் தாக்குதலுக்கு ஆளாகி ஜெர்மனியை விட்டு வெளியேறியவர். முதல் படத்தில் பெயர்ப்பட்டியல் ஓடும் இடங்களைத் தவிரப் பின்னணி இசை இல்லை. இதில் உருவத்துக்கும் மணப்பெண்ணுக்கும் தனித்தனி இசைக்கூறுகள் உண்டு.

வேல் தற்பால் விருப்பினர். அதை மறைத்து வாழாதவர். தயாரிப்பாளர் டேவிட் லூயிஸுடன் இருபது ஆண்டுகளுக்கு மேல் ஒரே வீட்டில் வாழ்ந்தார். அந்நாளைய ஹாலிவுட்டில் அது அரிய துணிவு. இதை வைத்துப் பார்வையற்ற துறவியின் குடிசைக் காட்சியை வாசிப்பவர்கள் உண்டு. ஊரெல்லாம் துரத்தும் ஒருவனைக் கண் தெரியாத ஒருவர் மட்டும் வரவேற்று, ரொட்டியும் மதுவும் சுருட்டும் கொடுத்து, 'நண்பன்' என்ற சொல்லைக் கற்றுத்தருகிறார். தனக்கு நண்பன் வேண்டுமென்று நாள்தோறும் இறைவனிடம் கேட்டுக்கொண்டிருந்ததாகச் சொல்லி அந்தத் துறவி அழும்போது உருவமும் அழுகிறது. பிறகு துப்பாக்கியோடு இரண்டு பேர் வருகிறார்கள், குடிசை எரிகிறது. நானும் நெடுநாள் அந்த வாசிப்பை ஏற்றிருந்தேன். ஆனால் டேவிட் லூயிஸோ, வேல் அப்படி எண்ணிப் படமெடுத்தவர் அல்லர், கலைஞராகவே எண்ணினார் என்று மறுத்திருக்கிறார். கூட வாழ்ந்தவரின் சொல்லைத் தள்ளவும் எனக்கு மனம் வரவில்லை. காட்சியைப் பார்க்கும்போது என் நெஞ்சில் எழுவதைத் தள்ளவும் முடியவில்லை. தனிமைப்படுத்தப்பட்ட எவரும் அந்தக் குடிசைக்குள் தம்மைக் காண முடியும் என்ற அளவில் நிறுத்திக்கொள்கிறேன்.

கரிசல்மண் எழுதியது:

வெட்டும்ஒட்டும் அவர்களின் எச்சரிக்கையை மதித்தே இதை எழுதுகிறேன். அவர் வாழ்வை ஒரே சாவியால் திறக்கக்கூடாது, சரி. ஆனால் அவர் திரைவாழ்வு எதனால் உடைந்தது என்று பார்த்தால் அங்கேயும் போர்தான் நிற்கிறது.

1936 மார்ச்சில் கடன் நெருக்கடியால் லெம்லி குடும்பம் யுனிவர்சல் நிறுவனத்தை இழந்தது. வேல் அப்போது முடித்துக்கொண்டிருந்த 'ஷோ போட்', பால் ரோப்சன் பாடிய மிசிசிப்பி ஆற்றுப் பாடலுக்காக இன்றும் நினைக்கப்படும் படம். பாடும் ரோப்சனை கேமரா சுற்றிவந்து, அவர் முகத்தை நெருங்கி, மூட்டை சுமக்கும் உழைப்பாளிகளின் உடல்களுக்குத் தாவுகிறது. திகில் படம் எடுத்தவர் என்ற பெயரோடு இதைப் பார்க்கச் சென்றால் திகைத்துப்போவீர்கள். படம் வென்றது, ஆனால் அவருக்குத் தடையின்றி வேலை செய்ய இடம் கொடுத்த குடும்பம் போய்விட்டது.

அடுத்து 1937இல் எரிக் மரியா ரெமார்க்கின் 'தி ரோடு பேக்' நாவலைப் படமாக்கினார். திரைக்கதையில் மறுபடியும் ஷெரிஃபின் கை. போர் முடிந்து ஊர் திரும்பும் ஜெர்மானிய வீரர்களின் கதை. லாஸ் ஏஞ்சலஸில் இருந்த நாஜி அரசின் துணைத்தூதர் கேயார்க் கிஸ்லிங், இந்தப் படத்தில் பங்கேற்றால் இனி அவர்கள் நடிக்கும் எந்தப் படமும் ஜெர்மனியில் திரையிடப்படாது என்று நடிகர்களுக்கே நேரடியாகக் கடிதம் அனுப்பினார். அமெரிக்க மண்ணில் அமெரிக்கக் குடிமக்களுக்கு அயல்நாட்டு அதிகாரி அனுப்பிய மிரட்டல் அது. புதிய நிர்வாகம் பணிந்தது. வேல் எடுத்த படத்தை வெட்டி, வேறொருவரைக் கொண்டு நகைச்சுவைக் காட்சிகள் எடுத்துச் சேர்த்து வெளியிட்டார்கள். ஃபிளாண்டர்ஸில் பிடிபட்டு, ஜெர்மானியச் சிறையிலிருந்து திரும்பிய மனிதர், பகைநாட்டு வீரனின் துயரத்தைத் தம் துயரமாக எண்ணி எடுத்த படம் அது. அதன் கதி அவர் நெஞ்சை எப்படி அறுத்திருக்கும் என்று நான் விளக்க வேண்டியதில்லை.

வெட்டும்ஒட்டும் எழுதியது:

இதை நான் முழுமையாக ஏற்கிறேன். தொகுப்பு மேசையில் அடுத்தவர் படத்தை எஜமானர் சொன்னபடி வெட்டிக்கொடுத்த பாவம் எனக்கும் உண்டு. ஒரு காட்சியை எடுத்துவிட்டால் அது இருந்த இடத்தில் சுவடு தெரியாமல் செய்வதுதான் எங்கள் தொழில். ஆனால் அதை எடுத்தவருக்கு மட்டும் ஒவ்வொரு முறையும் அந்த இடம் தெரியும். தாம் எடுத்த காட்சிகளுக்கு நடுவே வேறொருவரின் நகைச்சுவை வந்துபோவதை வேல் எப்படிப் பார்த்திருப்பார் என்று எண்ணும்போது நான் முன்பு சொன்ன எச்சரிக்கை சற்றுக் கூசுகிறது. படைப்பின் பொருளைப் போரோடு முடிச்சுப்போடுவதில்தான் எனக்குத் தயக்கம். தொழில்வாழ்வின் முறிவு குறித்துத் தயக்கமே இல்லை.

முதல்வரிசை எழுதியது:

அதன்பின் அவர் என்ன செய்தார்? 1957இல் நீச்சல்குளத்தில் இறந்தார் என்று மட்டும் படித்திருக்கிறேன்.

புதுப்பிரதி எழுதியது:

ஒப்பந்தக் கடமைக்காகச் சில சிறு படங்கள் எடுத்தார். 1939இல் எடுத்த 'தி மேன் இன் தி அயர்ன் மாஸ்க்' நன்றாக ஓடியது. 1941இல் 'தே டேர் நாட் லவ்' படத்தின் பாதியிலேயே வேறு இயக்குநர் பொறுப்பேற்றதோடு அவருடைய திரைப்பட வாழ்வு முடிந்ததென்றே கூறலாம். 1949இல் எடுத்த 'ஹலோ அவுட் தேர்' என்ற குறும்படம் திரையரங்குக்கு வரவில்லை. பணத்துக்கு அவர் கவலைப்பட வேண்டியிருக்கவில்லை, முன்பே கவனமாகச் சேர்த்து முதலீடு செய்திருந்தார். ஊர்ப் பெயர்ப்பலகையில் தொடங்கிய தூரிகையை மறுபடி எடுத்து ஓவியம் வரைந்தார்.

1956இல் பக்கவாதம் தாக்கியது. மனத்துக்கும் சிகிச்சை பெற்றார். 1957 மே 29 அன்று பசிபிக் பாலிசேட்ஸ் வீட்டின் நீச்சல்குளத்தில், 67 வயதில், தம் உயிரைத் தாமே முடித்துக்கொண்டார். அன்பர்களுக்கென்று அவர் எழுதிவைத்த கடிதத்தை டேவிட் லூயிஸ் வெளியே காட்டவில்லை; விபத்து என்றே பதிவாயிற்று. லூயிஸ் தம் இறப்புக்குச் சற்று முன், 1987இல்தான் அதை வெளியிட்டார். நோயும் முதுமையும் இனித் தரப்போகும் வலியைத் தவிர அவருக்கு வேறு புகார் இல்லை, வாழ்க்கை அருமையாகவே இருந்தது என்பது அதன் சாரம். மரணத்தைச் சுற்றி முப்பது ஆண்டுகள் உலவிய கொலைக்கதைகளுக்கு அதுவே விடை. இனியாவது அந்தக் கதைகளை யாரும் சுவைக்காகப் பரப்ப வேண்டாம் என்று வேண்டிக்கொள்கிறேன். அஸ்தி வைக்கப்பட்ட மாடத்தில் பிறந்த ஆண்டு 1893 என்று தவறாகப் பொறித்திருக்கிறது; தம் வயதை அவரே அவ்வப்போது குறைத்துச் சொல்லிவந்ததன் விளைவு அது. லூயிஸின் அஸ்தி அதற்கு எதிர்மாடத்தில் இருக்கிறது.

முதல்வரிசை எழுதியது:

நன்றி ஐயா. நான்கு படங்களுள் 'தி ஓல்டு டார்க் ஹவுஸ்' மட்டும் இன்னும் பார்க்கவில்லை. அது ஏன் மற்றவற்றைப்போல் பேசப்படுவதில்லை?

மேடைவெளிச்சம் எழுதியது:

ஏனென்றால் நெடுங்காலம் அது இல்லை, தம்பி. அந்தக் கதையின் உரிமை வேறு நிறுவனத்துக்குப் போய், 1963இல் புதிதாக ஒரு படமும் எடுத்துவிட்டார்கள். பழைய படத்தின் பிரதி எங்கும் தென்படாததால் அழிந்துபோயிற்று என்றே கருதினார்கள். கடைசி ஆண்டுகளில் வேலுடன் பழகிய இளைய இயக்குநர் கர்டிஸ் ஹாரிங்டன் மட்டும் விடாமல் கேட்டுக்கொண்டே இருந்தார். 1968இல் யுனிவர்சலின் பெட்டகத்தில் நெகட்டிவ் கிடைத்தது. முதல் சுருள் மோசமாகக் கெட்டிருந்தது. ஜார்ஜ் ஈஸ்ட்மன் ஆவணக்காப்பகத்தை இணங்கவைத்து, அதன் செலவில் படத்தை மீட்டெடுத்தார்.

அந்த முதல் சுருளில்தான் மழை கொட்டுகிறது, மலைச்சரிவு சரிகிறது, வழிதவறிய மூன்று பயணிகள் ஓர் இருண்ட வீட்டுக் கதவைத் தட்டுகிறார்கள். கதவு சற்றே திறக்க, இடுக்கில் கார்லாஃபின் முகத்தில் ஒரு பகுதி மட்டும் தெரிகிறது. இரவில், விளக்கை அணைத்துவிட்டுப் பாருங்கள். 102 வயதுக் கிழவர் சர் ராடரிக் ஃபெம் படுக்கையில் பேசும்போது, அந்த வேடத்தில் இருப்பவர் எல்ஸ்பெத் டட்ஜன் என்ற பெண் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பார்த்து முடித்ததும் இங்கே வந்து எழுதுங்கள், காத்திருக்கிறோம்.